நயமும் பயமும்: கைக்குள் ஒரு துப்பறியும் நகரம்

தாப்பா ரோடு நிலையத்தைத் தாண்டியதும் பக்கத்து இருக்கைப் பெண்மணி முதன்முறையாக வாயைத் திறந்தார். “இவள் பொய் சொல்லவில்லை, தம்பி. ஆனால் முழுதாகவும் சொல்லவில்லை.”

கோலாலம்பூர் சென்ட்ரலில் இ.டி.எஸ். ரயில் ஏறியதிலிருந்து என் கையில் இருந்த ஸ்விட்ச் என்னும் கையடக்க விளையாட்டுக் கருவியை அவர் கடைக்கண்ணால் பார்த்துக்கொண்டே வந்திருக்கிறார். இயர்போனைச் செந்தூல் வீட்டிலேயே மறந்துவிட்டதால் நான் ஒலியை அடியோடு நிறுத்தியிருந்தேன். அடியில் ஓடிய ஆங்கில வசனமோ எனக்கே கண்ணைச் சுருக்கினால்தான் தெரியும் அளவு. ஆகவே அவருக்குக் கிடைத்தது வெறும் முகம் மட்டும்: 1947-ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சல்ஸில், காணாமல்போன கணவனைப் பற்றிப் போலீஸ்காரர் கேட்க, பதில் சொல்லிவிட்டுப் பார்வையை மெல்ல ஓரம் தள்ளும் ஒரு மனைவியின் முகம். அதை வைத்து அவர் சொன்ன ஒற்றை வரியில், பலர் பல மணி நேரம் விளையாடிய பிறகும் குழம்பி நிற்கும் விதி ஒன்று அப்படியே அடங்கியிருந்தது.

விளையாட்டின் பெயர் எல்.ஏ. நுவார். சிட்னியில் இயங்கிய டீம் போண்டாய் உருவாக்கி, ராக்ஸ்டார் கேம்ஸ் 2011 மே மாதம் வெளியிட்டது. அந்த ஆண்டு முடிவதற்குள் டீம் போண்டாய் மூடப்பட்டுவிட்டது. ஆறு ஆண்டுகள் கழித்து, 2017 நவம்பரில், நிண்டெண்டோ ஸ்விட்சுக்கு அதன் பதிப்பு வந்தது. கதாநாயகன் கோல் ஃபெல்ப்ஸ், ஒக்கினாவாப் போர்முனையிலிருந்து பதக்கத்தோடு திரும்பியவன். ரோந்துக் காவலனாகத் தொடங்கி, போக்குவரத்து, கொலை, ஒழுக்கக்கேடு, தீவைப்பு என்று பிரிவு பிரிவாக மாறிச் செல்கிறான். முதலில் 21 வழக்குகளோடு வெளிவந்தது. பிறகு தனித்தனியாக விற்ற வழக்குகளையும் சேர்த்தே ஸ்விட்ச் பதிப்பு தருகிறது.

வெளிவந்த காலத்தில் இதைப் புகழ்ந்தவர்களும் மூன்று குறைகளைத் திரும்பத் திரும்பச் சொன்னார்கள். நகரம் பெரிது, ஆனால் அதில் செய்வதற்கு ஒன்றுமில்லை. நடிகர்கள் முகத்தைக் கோணிக் கோணி நடிக்கிறார்கள். வழக்குகள் ஒன்றோடொன்று ஒட்டாமல் துண்டு துண்டாக நிற்கின்றன. வீட்டில் பெரிய தொலைக்காட்சியில் விளையாடியபோது நானும் இதையேதான் சொன்னேன். ரயிலில், ஆறு அங்குலத் திரையில், இந்த மூன்றும் எனக்குக் குறையாகத் தெரியவில்லை. ஏன் என்று யோசித்தால், அந்த விளையாட்டு உள்ளே எப்படி வேலை செய்கிறது என்பதற்கே போய்ச் சேர வேண்டியிருக்கிறது.

நகரத்திலிருந்து தொடங்கலாம். திறந்த உலக விளையாட்டு என்றால் திருவிழாத் திடல் மாதிரி. எந்தப் பக்கம் திரும்பினாலும் ஏதாவது நடந்துகொண்டிருக்க வேண்டும். எதை முதலில் பார்ப்பது என்பது நம் விருப்பம். துப்பறியும் கதையோ ஒரு கயிறு. சம்பவ இடம், அங்கே கிடைத்த பொருள், பொருள் காட்டும் விலாசம், விலாசத்தில் இருக்கும் ஆள், ஆள் மறைக்கும் செய்தி. இந்த வரிசை கலைந்தால் கதை கலைந்துவிடும். இரண்டையும் ஒன்றாகக் கட்டினால் முளைக்குச்சியில் கட்டிய ஆட்டின் நிலைதான்: புல்வெளி பரந்து கிடக்கும், மேய்வது கயிற்றின் நீளத்துக்கு.

டீம் போண்டாய் அந்தப் புல்வெளிக்குக் கொஞ்சமாகச் செலவழிக்கவில்லை. பழைய வான்வழிப் புகைப்படங்களைப் பார்த்துத் தெருத்தெருவாக நகரத்தை எழுப்பினார்கள். யூனியன் ஸ்டேஷன், நகர மண்டபம், மலைச்சரிவில் ஏறி இறங்கும் சின்னஞ்சிறு ஏஞ்சல்ஸ் ஃபிளைட் ரயில் என்று 30 அடையாளச் சின்னங்களைத் தேடிக் கண்டுபிடிக்கலாம். ஒரு வழக்கில் 1916-இல் வந்த ஒரு மௌனப் படத்துக்காகக் கட்டிய பிரம்மாண்டமான பாபிலோன் செட்டின் மேல் ஏறித் துரத்த வேண்டும். உண்மையில் அந்த செட் 1947-க்கு வெகுகாலம் முன்பே இடிக்கப்பட்டுவிட்டது. தெரிந்தே செய்த பிழை என்றுதான் நினைக்கிறேன். அப்படி ஒரு செட்டை விட்டுவிட யாருக்கு மனம் வரும்?

இத்தனையும் கட்டிவிட்டு, காரோட்டும் வேலையைப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் கூட்டாளியிடம் ஒப்படைக்கவும் வழி வைத்திருக்கிறார்கள். ஒரு பொத்தானை அழுத்திப் பிடித்தால் போதும், அடுத்த விலாசத்தில் இறங்கிவிடலாம். வானொலியில் அழைப்பு வந்தால் ஓடிப்போய்த் தீர்க்க 40 தெருக் குற்றங்கள் உண்டு. அவையும் பெரும்பாலும் ஓடுவது, சுடுவது. துப்பறிவதற்கும் தெருவில் அலைவதற்கும் இங்கே சம்பந்தம் குறைவு. அந்தச் சம்பந்தத்தை உண்டாக்க முடியாது என்றும் சொல்ல முடியாது. உக்ரைனைச் சேர்ந்த ஃப்ரோக்வேர்ஸ் நிறுவனம் 2019-இல் வெளியிட்ட த சிங்கிங் சிட்டி விளையாட்டில், போக வேண்டிய இடத்தை வரைபடம் தானாகக் காட்டாது. இன்ன வட்டாரம், இன்ன தெரு, இந்த இரண்டு தெருக்களுக்கு நடுவில் என்று விலாசத்தைப் படித்து, நாமே வரைபடத்தில் புள்ளி வைக்க வேண்டும். அங்கே தெருப்பெயர்ப் பலகையும் ஒரு தடயம். எல்.ஏ. நுவாரில் தெரு ஒரு திரைச்சீலை. நாடகம் அதற்கு முன்னால் நடக்கிறது.

வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து விளையாடும்போது அந்தத் திரைச்சீலை வெறுமையாகப் படுகிறது. ரயிலில் அப்படி இல்லை. ஜன்னலுக்கு வெளியே தஞ்சோங் மாலிமும் ஈப்போவின் சுண்ணாம்பு மலைகளும் ஓடிக்கொண்டிருக்கும்போது, திரைக்குள்ளும் ஊர் சுற்றிக் காட்ட வேண்டும் என்று யாரும் கேட்பதில்லை. நான் கூட்டாளியையே ஓட்ட விட்டேன். ஒரு சம்பவ இடம் முடிந்தால் ஒரு சாட்சி, சாட்சி முடிந்தால் இன்னொரு வீடு. ஒரு வழக்கு ஒரு மாத நாவல் அளவு. பினாங்கு போய்ச் சேர்வதற்குள் இரண்டு முடியும். துண்டு துண்டாக நிற்பது, துண்டு துண்டாக நேரம் கிடைப்பவனுக்கு வசதி. செந்தூல் தீமோரிலிருந்து மஸ்ஜிட் ஜாமெக் வரைக்கும் எல்.ஆர்.டி.யில் ஒரு சமையலறையைச் சோதித்து முடித்துவிடலாம்.

இனி முகங்கள். இந்த விளையாட்டுக்காக டெப்த் அனாலிசிஸ் என்ற நிறுவனம் மோஷன்ஸ்கேன் என்ற முறையைக் கொண்டுவந்தது. நடிகரை நாற்காலியில் உட்கார வைத்து, சுற்றிலும் 32 காமிராக்களை நிறுத்தி, தலையை மட்டும் எல்லாக் கோணங்களிலும் ஒரே நேரத்தில் படம்பிடிப்பார்கள். அந்தப் படங்களிலிருந்து கணினி முப்பரிமாண முகத்தை உருவாக்கும். வழக்கமாக அசைவுப் பதிவில் முகத்தில் புள்ளிகளை ஒட்டி, அந்தப் புள்ளிகளின் அசைவை ஒரு பொம்மை முகத்துக்கு மாற்றுவார்கள். மீதியை ஓவியர்கள் சரிசெய்வார்கள். இங்கே அந்த இடைத்தரகர் இல்லை. ஃபெல்ப்ஸாக நடித்த ஆரன் ஸ்டேட்டனின் நெற்றிச் சுருக்கம் ஃபெல்ப்ஸின் நெற்றிச் சுருக்கமாகவே வந்துவிடுகிறது. உடலசைவைத் தனியாகப் பதிந்து பிறகு ஒட்டினார்கள். கழுத்துக்கு மேலே மனிதன், கீழே கொஞ்சம் மரப்பாச்சி என்று சில காட்சிகளில் தோன்றுவது அதனால்தான்.

இப்படிப் பதிந்த முகம் சும்மா வருவதில்லை, எடையோடு வருகிறது. 2011-இல் எக்ஸ்பாக்ஸ் 360 பதிப்புக்கு மூன்று வட்டுகள் தேவைப்பட்டன. ஸ்விட்ச் பதிப்பை இணையத்திலிருந்து முழுதாக இறக்கினால் 29 ஜிகாபைட். முதலில் வந்த ஸ்விட்ச் கருவியின் மொத்தச் சேமிப்பே 32, அதிலும் ஒரு பகுதியைக் கருவியே எடுத்துக்கொள்ளும். ஆக, தனியாக மைக்ரோ எஸ்டி அட்டை வாங்காமல் அது உள்ளே நுழையவே நுழையாது. பெட்டியில் அட்டையாக வாங்கினால் தப்பிக்கலாம் என்று எண்ணி, புக்கிட் பிந்தாங் பக்கம் ஒரு கடையில் வாங்கினேன். பெட்டிக்குள் பாதி விளையாட்டுதான் இருக்கிறது, இன்னும் 14 ஜிகாபைட் இறக்க வேண்டும் என்பதை விற்றவர் சொல்லவில்லை. இரவு முழுவதும் இறங்கியது. மறுநாள் காலை பசியாறிவிட்டு வந்து பார்த்தபோதும் இறங்கிக்கொண்டிருந்தது. அத்தனையும் பெரும்பாலும் மனிதர்கள் கண்ணை உருட்டுவதற்கும் உதட்டைக் கடிப்பதற்கும் ஆன செலவு என்று நினைத்தால் சிரிப்பு வருகிறது.

அந்தக் கண்ணுருட்டலை இவ்வளவு பெரிதாக நடிக்க வேண்டுமா என்பதுதான் பழைய புகார். ஆனால் ஸ்விட்சின் 6.2 அங்குலத் திரையில் விசாரணைக் காட்சியின் முகம் நம் ஐம்பது காசு நாணயம் அளவுக்குத்தான் வருகிறது. அந்த அளவில் இயல்பான நடிப்பு எதுவும் எடுபடாது. தெருக்கூத்தில் கடைசி வரிசையில் பாய் விரித்து உட்கார்ந்திருப்பவருக்கும் தெரியும்படி வேடக்காரர் புருவத்தைத் தூக்குகிறாரே, கிட்டத்தட்ட அந்தக் கணக்கு. கைக்கருவியில் விளையாடுபவர் கடைசி வரிசைக்காரர். ஐம்பது அங்குலத் திரையில் முதல் வரிசையில் உட்கார்ந்து பார்த்ததால் மிகையாகத் தெரிந்தது இங்கே அளவாகப் பொருந்துகிறது. ஒலியும் இல்லாமல், ஆங்கிலமும் படிக்காமல், என் பக்கத்து இருக்கைப் பெண்மணிக்குப் புரிந்தது என்றால் வேறு சாட்சி வேண்டாம்.

அவர் கண்டுபிடித்த அந்த விதிக்கு வருகிறேன். சாட்சி ஒரு பதில் சொன்னதும் மூன்றில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். 2011 பதிப்பில் அவற்றின் பெயர்கள் உண்மை, சந்தேகம், பொய். சாட்சி உண்மை சொன்னால் உண்மை, அது சரி. மற்ற இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்பதில்தான் எல்லோரும் வழுக்கினார்கள். இரண்டிலும் சாட்சி எதையோ மறைக்கிறார். அதை மறுக்கக் கையில் ஆதாரம் இருந்தால் ‘பொய்’ என்று சொல்லி ஆதாரத்தை எடுத்து நீட்ட வேண்டும். ஆதாரம் இல்லாவிட்டால் ‘சந்தேகம்’. ஆக, முகம் பாதி விடையைத்தான் தரும். மீதிப் பாதி ஃபெல்ப்ஸின் குறிப்பேட்டில் இருக்கிறது. முகத்தை மட்டும் வெறித்துப் பார்த்து விளையாடியவர்கள் தோற்றது இதனால்தான். சிறிய திரையில் முகம் சுருங்குவதால் நாம் இழப்பதும் பாதியைத்தான்.

பெயர்களால் இன்னொரு கோளாறும் நேர்ந்தது. எழுதிப் பதிந்த காலத்தில் அந்த மூன்று வழிகளின் பெயர்கள் வேறு: நயந்து கேட்பது, மிரட்டிக் கேட்பது, பொய் என்று சாடுவது. நடிகர்கள் அந்தப் பெயர்களுக்கு ஏற்பத்தான் பேசியிருந்தார்கள். வெளியிடும்போது பெயர்கள் மட்டும் மாறின, வசனங்கள் மாறவில்லை. விளைவு, கணவனை இழந்து கலங்கி நிற்கும் பெண்ணிடம் ஏதோ சின்னச் சந்தேகம் என்று நாம் பொத்தானை அழுத்த, ஃபெல்ப்ஸ் திடீரென்று சாமி வந்தவன்போல் குரலை உயர்த்தி அவளைக் கொலைகாரி என்கிறான். அந்தக் கூச்சல் இணையத்தில் பல ஆண்டுகள் கேலிப் பொருளாக ஓடியது. 2017 பதிப்பில்தான் பெயர்களை மாற்றினார்கள்: நல்ல போலீஸ், கெட்ட போலீஸ், குற்றம் சாட்டு.

‘நயத்தாலும் பயத்தாலும்’ என்று நம் வீடுகளில் காலங்காலமாகச் சொல்லி வருகிறோம். பிள்ளையிடம் யார் ஜன்னலை உடைத்தது என்று கேட்பதற்கும் அதுதான் வழி. அந்த இரண்டு சொற்களை வைத்துப் பார்த்தால் விளையாட்டின் விசாரணை முழுவதும் தெளிந்துவிடுகிறது: நயம், பயம், அவற்றுக்கு அப்பால் ஆதாரம். ‘சந்தேகம்’ என்ற சொல் கேட்பவரின் மனநிலையைச் சொன்னது. நயமும் பயமும் அவர் என்ன செய்யப் போகிறார் என்பதைச் சொல்கின்றன. வேடிக்கையாகச் சொன்னால், ஆறு ஆண்டுகள் கழித்துத்தான் அந்த விளையாட்டு நம் பாட்டிமாரின் மொழிக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

இனிக் கைக்குள் நடப்பதைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். அன்று நான் நடத்திக்கொண்டிருந்தது போக்குவரத்துப் பிரிவின் தொடக்க வழக்கு. ரயில் தண்டவாளத்துக்கு அருகே அனாதையாக ஒரு கார். உள்ளே இரத்தம். ஒரு மூக்குக் கண்ணாடி. ஒரு பணப்பை. தொலைக்காட்சியில் விளையாடும்போது தடயத்தின் அருகே போனால் பியானோ ஒலி ஒன்று சிணுங்கும். எல்லாத் தடயங்களும் கிடைத்ததும் பின்னணி இசை ஓய்ந்துவிடும். ஒலியை அணைத்த எனக்கு அந்த உதவி இல்லை. ஆனால் தடயத்தைக் கடக்கும்போது கருவியின் இரு பக்கமும் இருக்கும் ஜாய்கான் பிடிகள் உள்ளங்கையில் மெல்ல அதிர்கின்றன. கிணற்றுக்கு இடம் பார்ப்பவர் கையில் குச்சி துடிக்கிறது என்பார்களே, அது நினைவுக்கு வந்தது. பொருளை எடுத்ததும் திரையில் விரலை வைத்து அப்படியும் இப்படியும் திருப்பலாம், இரண்டு விரலால் விரித்துப் பெரிதாக்கலாம். அப்படித் திருப்பியதில் கிடைத்த ஒரு ரசீதை ஈப்போ வரும் வரை வைத்துக்கொண்டிருந்தேன். உயிருள்ள பன்றி ஒன்று வாங்கியதற்கான ரசீது. இரத்தம் தோய்ந்த காரில் பன்றி வாங்கிய ரசீது எதற்கு?

தொலைக்காட்சியில் விளையாடினால் இந்தக் கேள்விக்கு ஆயுள் அரை நிமிடம். அடுத்த விலாசம் காத்திருக்கும். கையில் இருந்தால் அப்படி இல்லை. பொத்தானை ஒரு முறை அழுத்தினால் கருவி உறங்கிவிடும். சாட்சி வாயைப் பாதி திறந்தபடியே நிற்பார், நாம் டிக்கெட் காட்டிவிட்டு, தேநீர் வாங்கிக் குடித்துவிட்டு, யோசித்துவிட்டு வரலாம். துப்பறியும் கதைக்கு அந்த இடைவெளி தேவை. பக்கத்தில் விரலை வைத்துப் புத்தகத்தை மூடிவிட்டுக் கூரையைப் பார்ப்போமே, அந்த நிமிடத்தைப் பெரிய கருவிகள் அவ்வளவு எளிதாகத் தருவதில்லை. ஜப்பானில் 2001-இல் கேம் பாய் அட்வான்ஸுக்கென்றே எழுதப்பட்ட ஏஸ் அட்டர்னி போன்ற வழக்காடு விளையாட்டுகள் கைக்கருவியில் வேர்விட்டதற்கும் இது ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

வெளிச்சம்தான் எதிரி. நுவார் என்னும் குற்றக்கதைப் பாணி என்றாலே இருட்டு. பாதிக் காட்சிகள் தெருவிளக்கும் நிழலும். பகல் ரயிலில் திரையில் என் மூக்குதான் தெளிவாகத் தெரிந்தது. முழுவதையும் கறுப்பு வெள்ளையில் பார்க்கவும் ஒரு வசதி உண்டு, வெயிலில் அதை நினைத்தும் பார்க்க முடியாது. பாடாங் ரெங்காஸுக்கு அப்பால் பெராப்பிட் சுரங்கத்துக்குள் ரயில் நுழைந்தபோது மட்டும் ஒன்றரை நிமிடம் போல லாஸ் ஏஞ்சல்ஸ் முழுதாகத் தெரிந்தது. பெண்மணியும் அப்போது நன்றாகச் சாய்ந்து பார்த்தார்.

பாராட்டியதற்குச் சமமாக ஒன்றைக் குறை சொல்லவும் வேண்டும். இந்த விளையாட்டு நம்மைத் தோற்கவிடுவதில்லை. எல்லாக் கேள்வியையும் தவறாகக் கேட்டாலும் வழக்கு ஏதோ ஒரு வழியில் முடிந்தே தீரும். இறுதியில் ஐந்து நட்சத்திரங்களில் சில குறையும், அவ்வளவுதான். கொலைப் பிரிவில் நாம் யாரைச் சிறைக்கு அனுப்பினாலும் கதை தன் முடிவை முன்பே வைத்திருக்கிறது. ஆதாரத்தை எடை போட்டு நாம் தீர்மானிப்பதுபோல் ஒரு பாவனை, அதற்கு மேல் இல்லை. தவறு செய்தால் ஒரு நிரபராதி உள்ளே போவான் என்ற பயம் உண்மையாக இருந்திருந்தால் இன்னும் நன்றாக இருந்திருக்கும். நயம் இருக்கிறது, பயம் போதவில்லை.

வழக்குகளுக்கு அடியில் இன்னொரு கதையும் ஓடுகிறது. சம்பவ இடங்களில் கிடக்கும் நாளிதழ்களை எடுத்துப் பார்த்தால் அது துலங்கும். போரிலிருந்து திரும்பியவர்கள் வாழ்க்கையோடு ஒட்ட முடியாமல் தவிப்பதும், கப்பலிலிருந்து திருடிய இராணுவ மார்ஃபின் தெருவுக்கு வருவதும் அதில் உண்டு. 1947 என்றால் எங்கள் வீட்டில் நினைவு வேறு. சயாம் ரயில் பாதை போட ஜப்பானியர் கொண்டுபோன தோட்டத்துத் தமிழர்களில் மீண்டு வந்தவர்கள், அரிசிக்கு அலைந்த நாள்கள், வந்தவரிடம் எதுவும் கேட்கக் கூடாது என்று பெரியவர்கள் பிள்ளைகளை அடக்கியது. ஃபெல்ப்ஸிடமும் யாரும் ஒக்கினாவாவைப் பற்றி நேராகக் கேட்பதில்லை. கேள்வி கேட்பதே தொழிலாகக் கொண்டவனிடம் கேட்கப்படாத கேள்வி அது ஒன்றுதான்.

புக்கிட் மெர்தாஜாம் நெருங்கும்போது வழக்கு முடிந்தது. பன்றி வாங்கியது இரத்தத்துக்காக. கணவன் சாகவில்லை, செத்ததுபோல் காட்டிவிட்டு, வேறொருத்தியிடம் போகத் திட்டமிட்டு ஒளிந்திருந்தான். பெண்மணிக்குத் தமிழில் சுருக்கமாகச் சொன்னேன். பக்கத்து இருக்கையிலிருந்து வந்த அவருடைய குறுக்கீட்டை நான் இலவச உதவிக் குறிப்பாகவே எடுத்துக்கொண்டிருந்தேன். மூன்று கேள்விகளில் இரண்டுக்கு அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னதே சரியாக இருந்தது. குறிப்பேட்டில் விழுந்த குறிகளைக் காட்டினேன். அவர் அதைப் பார்க்கவில்லை.

“அதெல்லாம் சரி தம்பி, அந்தப் பெண்சாதி கதி என்ன ஆனது? அவளுக்குப் போய் யார் சொன்னது?”

திரையில் நான்கு நட்சத்திரங்கள் வந்து நின்றன. அவள் வீட்டுக்குத் திரும்பிப் போக முடியுமா என்று வரைபடத்தைத் திறக்கப் பார்த்தேன். அதற்குள் அடுத்த வழக்கு ஏறத் தொடங்கிவிட்டது.